இனுயிட் மக்களின் கரிபூ வேட்டையில் கூட்டுழைப்பு: காசான் ஆற்றுக் கடவுகளை முன்வைத்து ஒரு வரலாற்று ஆய்வு

ஆய்வுச் சுருக்கம்

கனடாவின் வடபுலத்தில், ஹட்சன் விரிகுடாவுக்கு மேற்கே வாழும் இனுயிட் மக்களுள் ஒரு பிரிவினர் கரிபூ என்னும் பனிமானையே உணவுக்கும் உடைக்கும் நம்பி வாழ்ந்தனர். அவர்களது வேட்டையின் கூட்டுத்தன்மையை ஆய்ந்தோர் பெரும்பாலும் விலங்கு கொல்லப்படும் தருணத்தையே கருத்திற் கொண்டனர். கூட்டுழைப்பின் பெரும்பகுதி கொலைக்கு முன்னரும் பின்னரும் நிகழ்ந்தது என்பதையும், அது செயல்களில் மட்டுமன்றிக் கூட்டாகக் கடைப்பிடிக்கப்பட்ட தவிர்ப்புகளிலும் அமைந்திருந்தது என்பதையும் இக்கட்டுரை எடுத்துரைக்கிறது. இதைக் காணத் தவறியமை இருபதாம் நூற்றாண்டில் அம்மக்களின் வாழ்வில் விளைவித்த இழப்புகளும் ஆராயப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: இனுயிட், கரிபூ, ஆற்றுக்கடவு, கூட்டுழைப்பு, பங்கீடு, காசான் ஆறு, இடப்பெயர்ப்பு.

முன்னுரை

1979ஆம் ஆண்டு கனடாவின் கூட்டாட்சி நீதிமன்றம் ஒரு வழக்கில் தீர்ப்பு வழங்கியது. பேக்கர் ஏரி என்னும் சிற்றூரும் அதன் வேட்டைக்காரர்களும், தங்கள் நிலத்தில் யுரேனியம் தேடி நடைபெற்ற ஆய்வுப் பணிகள் கரிபூ மந்தைகளைக் குலைக்கின்றன என்று முறையிட்டிருந்தனர். அந்நிலத்தின்மீது அவர்களுக்குத் தொல்குடி உரிமை உண்டா என்பதை முடிவு செய்ய நீதியரசர் மஹோனி நான்கு அளவுகோல்களை வகுத்தார். அவற்றுள் முதலாவது, உரிமை கோருவோரும் அவர்தம் முன்னோரும் ஓர் ‘ஒழுங்கமைந்த சமூகத்தின்’ உறுப்பினர்களாக இருந்தனரா என்பது.

அரசரோ, நிலையான ஊரோ, எழுதப்பட்ட சட்டமோ இல்லாமல், சிறு சிறு குடும்பக் குழுக்களாகப் பரந்த நிலத்தில் சிதறி வாழ்ந்த மக்களிடம் ஒழுங்கமைவு எங்கே இருந்தது? நீதிமன்றம் இனுயிட் மக்களுக்கு அத்தகைய சமூகம் இருந்ததென ஏற்றுக்கொண்டது. வேட்டைக்கும் மீன்பிடிப்புக்கும் உரிய உரிமையை அறிவித்தது. ஆயினும் சுரங்க ஆய்வைத் தடுத்து நிறுத்த மறுத்துவிட்டது. தீர்ப்பின் சட்ட நுணுக்கங்கள் இக்கட்டுரையின் எல்லைக்கு அப்பாற்பட்டவை. அவ்வழக்கு எழுப்பிய வினாவுக்கு வரலாற்று முறையில் விடை தேடுவதே இதன் நோக்கம். விடையின் பெரும்பகுதி பேக்கர் ஏரியில் வந்து கலக்கும் காசான் ஆற்றின் கரைகளில் கிடைக்கிறது.

சான்றுகளைப் பொறுத்தவரை, 1921 முதல் 1924 வரை க்னுட் ராஸ்முசென் தலைமையில் நடைபெற்ற ஐந்தாம் தூலே பயணத்தின் பதிவுகளும், அப்பயணத்தில் பங்கேற்ற காய் பிர்கெட்-ஸ்மித் 1929இல் வெளியிட்ட விரிவான இனவரைவியல் நூலும் முதன்மையானவை. ‘கரிபூ எஸ்கிமோக்கள்’ என்னும் பெயரே அப்பயணத்தார் இட்டது. அம்மக்கள் தம்மை அவ்வாறு அழைத்துக்கொண்டதில்லை. அவர்கள் தத்தம் நிலத்தின் பெயராலேயே அறியப்பட்டனர். காசான் ஆற்றின் கீழ்ப்பகுதியில் வாழ்ந்தோர் ‘ஹர்வக்தூர்மியுத்’ எனப்பட்டனர். ஹர்வக்தூக் என்பது அந்த ஆற்றின் இனுயிட் பெயர். ‘மியுத்’ என்னும் ஈறு அவ்விடத்து மக்களைக் குறிக்கும். இவற்றுக்கு நிகரான மதிப்புடையவை, 1990களில் பேக்கர் ஏரி முதியோர் தொல்லியலாளர்களுடன் ஆற்றங்கரைக்குச் சென்று அளித்த வாய்மொழிச் சான்றுகள்.

நிலமும் விலங்கும்

கரிபூ வலசை செல்லும் விலங்கு. குளிர்காலத்தில் மரங்கள் வளரும் தென்பகுதிக் காடுகளிலும், இளவேனிலில் வடக்கே தூந்திரத்திலுள்ள கன்றீனும் நிலங்களிலும், இலையுதிர் காலத்தில் மீண்டும் தெற்கு நோக்கிய பாதையிலும் அது காணப்படும். 1893இல் டுபாண்ட் ஆற்றுவழியே பயணம் செய்த ஜோசப் டைரல், நிலமே நகர்வதுபோலப் பெருகிச் சென்ற ஒரு மந்தையைக் கண்டு பதிவு செய்தார். அடுத்த ஆண்டு அவர் காசான் ஆற்றின் வழியே சென்றார்.

அத்தகைய பெருக்கு ஓரிடத்தில் சில நாள்களே நீடிக்கும். மந்தை கடந்துபோன பின் அதே நிலம் பல மாதங்கள் வெறுமையாகக் கிடக்கும். மந்தை ஆண்டுதோறும் ஒரே வழியில் வரும் என்ற உறுதியும் இல்லை. கடலோர இனுயிட் மக்களுக்குக் குளிர்காலத்தில் சீல் வேட்டை கைகொடுத்தது. சீலின் கொழுப்பு விளக்கெரிக்கவும் பயன்பட்டது. உள்நாட்டு மக்களில் பலருக்கு அவ்வாய்ப்பு இல்லை. கொழுப்பு அரிதாகையால் அவர்களது பனிவீடுகள் பெரும்பாலும் வெப்பமூட்டப்படாமலே இருந்தன என்பதை பிர்கெட்-ஸ்மித் குறிப்பிடுகிறார். இலையுதிர் காலத்தில் சேமித்த கரிபூ இறைச்சியும் ஏரி மீனும் இளவேனில் வரை தாங்க வேண்டும். அந்தச் சில நாள்களில் மந்தையைத் தவறவிட்ட முகாமுக்குப் பசி உறுதி. 1922இல் அங்குச் சென்ற ராஸ்முசென் பட்டினிச் சாவுகளைப் பற்றிய பல கதைகளைக் கேட்டறிந்தார்.

(இம்மக்கள் கடலையே அறியாத, மிகத் தொன்மையான உள்நாட்டுப் பண்பாட்டின் எச்சம் என்று பிர்கெட்-ஸ்மித் கருதியதைப் பிற்கால ஆய்வாளர் ஏற்கவில்லை. கடலோரத்திலிருந்து அண்மைக் காலத்தில் உள்நாட்டுக்குள் பரவியவர்கள் என்பதே 1970களுக்குப்பின் எர்னஸ்ட் பர்ச் முதலானோர் முன்வைத்த முடிவு. அவரது இனவரைவியல் விவரங்களின் மதிப்பு இதனால் குறைவதில்லை.)

ஆற்றுக்கடவு: தவிர்ப்புகளின் ஒழுங்கு

வலசை செல்லும் மந்தை ஆற்றைக் கடக்கும் குறுகிய இடத்தை இனுயிட் மொழியில் ‘நல்லுக்’ என்பர். நிலத்தில் ஓடும் கரிபூவை ஈட்டியுடன் துரத்திப் பிடிக்க மனிதனால் இயலாது. நீரிலோ நிலைமை தலைகீழாகிறது. கரிபூவின் மயிர் உள்ளீடற்றது. ஆகவே அதன் உடல் நீரில் உயர்ந்து மிதக்கும். கொல்லப்பட்ட பின்னும் மூழ்காது. நீந்தும் விலங்கை மெலிந்து நீண்ட கயாக் படகு எளிதில் எட்டிப்பிடிக்கும். வேட்டைக்காரர் படகிலிருந்தே ஈட்டியால் குத்துவர். பின்னர் உடல்களைக் கட்டிக் கரைக்கு இழுத்து வருவர். உள்நாட்டு மக்களின் கயாக் படகுகளுக்குப் போர்த்தப்பட்டதும் மயிர் நீக்கிய கரிபூத் தோல்தான்.

கயாக் வீரர்கள் மந்தை ஆற்றின் நடுப்பகுதியை அடையும்வரை மறைந்திருப்பர். முன்னதாகவே ஒருவர் வெளிப்பட்டால் விலங்குகள் புறப்பட்ட கரைக்கே திரும்பிவிடும். பின்னால் வந்துகொண்டிருக்கும் மந்தையும் வேறு வழியை நாடும். ஆகவே தனியொருவரின் அவசரம் முகாம் முழுவதன் குளிர்கால உணவையும் இல்லாமற் செய்யக்கூடியது. கடவில் நிலவிய ஒழுங்கை இந்தப் பின்னணியில்தான் விளங்கிக்கொள்ள முடியும்.

பேக்கர் ஏரி முதியோரின் சான்றுகளில் திரும்பத் திரும்ப வருவன செய்யக்கூடாதவை பற்றிய விதிகளே. மந்தை நீரில் இறங்கும் கரையில் கூடாரம் அடிக்கக்கூடாது. அங்கு விலங்கை அறுக்கவோ தோலைப் பதப்படுத்தவோ கூடாது. எலும்பும் குருதியும் குப்பையும் அக்கரையில் கிடக்கலாகாது. முகாம் கடவிலிருந்து விலகியே அமைய வேண்டும். முதலில் வந்து ஆற்றைக் கடக்கும் விலங்குகளை ஊறு செய்யாமல் போகவிட வேண்டும். அவை அச்சமின்றிக் கடந்தால்தான் பின்வருவன அதே தடத்தைப் பின்பற்றும்.

இவ்விதிகளைச் சமய நம்பிக்கை என்று ஒருபுறமாகவோ, வேட்டை உத்தி என்று மறுபுறமாகவோ பிரிப்பது பொருந்தாது. விலங்கு மனிதரை அறிந்தே தன்னைத் தருகிறது, அவமதிக்கப்பட்டால் திரும்பி வராது என்ற எண்ணமும், மணமும் ஓசையும் மந்தையை விலக்கும் என்ற பட்டறிவும் ஒரே விதியில் இணைந்திருந்தன. விதியை மீறியவருக்கு எதிரே காவலரோ தண்டனையோ இல்லை. ஆனால் மீறலின் விளைவு எல்லோர் வயிற்றிலும் தெரியும். அதனால் பிள்ளைகள் முதல் முதியோர் வரை அனைவரும் அதனைக் காத்தனர். ஓடாமல், கூவாமல், அக்கரைக்குப் போகாமல் இருந்த பிள்ளையும் அந்த வேட்டையில் பங்கேற்றவரே.

இக்கடவுகளை ஒட்டிய நிலத்தில் கூடாரக் கல்வளையங்கள், மறைவிடச் சுவர்கள், இறைச்சியைப் புதைத்த கற்குவைகள், வழிகாட்டும் கல்லடுக்குகள் ஆகியன இன்றும் காணப்படுகின்றன. 1995இல் கனடா அரசு காசான் ஆற்றின் கீழ்ப்பகுதியை ‘இலையுதிர்காலக் கரிபூக் கடவு’ என்னும் பெயரில் தேசிய வரலாற்றுத் தலமாக அறிவித்தது. கோட்டையோ மாளிகையோ இல்லாமல், விலங்குகள் நீரில் இறங்கும் ஒரு கரை வரலாற்றுத் தலமாக ஏற்கப்பட்டமை குறிப்பிடத்தக்கது.

கல் மனிதர்களும் ஓநாய்க் குரலும்

ஆறு இல்லாத இடங்களில் மந்தையைத் திசைதிருப்ப வேண்டியிருந்தது. 1913 முதல் 1918 வரை நடைபெற்ற கனடிய ஆர்க்டிக் பயணத்தில் இடம்பெற்ற டயமண்ட் ஜென்னஸ், விக்டோரியா தீவுப் பகுதியிலுள்ள செப்பு இனுயிட் மக்களுடன் வாழ்ந்து அவ்வேட்டையை நேரில் கண்டார். கற்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, மேலே புல்மண் கட்டியைத் தலைபோல வைத்து, ஒன்றையொன்று நெருங்கிவரும் இரு வரிசைகளாக நிறுத்துவர். மனித உருவை ஒத்த இவ்வடுக்குகளுக்கு ‘இனுக்சுக்’ என்று பெயர். வரிசைகள் குறுகும் இடத்தில் ஆழமற்ற குழிகளில் வில்லுடன் ஆடவர் பதுங்கியிருப்பர். பெண்களும் பிள்ளைகளும் மந்தையின் பின்புறம் சுற்றிச் சென்று ஓநாயைப்போல ஊளையிட்டு அதனை வரிசைகளுக்குள் செலுத்துவர்.

வில்லின் வீச்சு குறுகியதாகையால் விலங்கு மிக அருகில் வந்தாக வேண்டும். அதனை அருகில் கொண்டுவருபவர் வில்லேந்தியவர் அல்லர். ‘ஆடவன் வேட்டையாடுகிறான், பெண் சமைக்கிறாள்’ என்னும் எளிய பகுப்பு இங்கே பொருந்தவில்லை. கல் வரிசைகளோ தலைமுறைதோறும் பழுதுபார்க்கப்பட்டுத் தொடர்ந்து பயன்பட்டன. வேட்டையில் பங்கேற்றோருள் அக்கற்களை முதலில் நிறுத்திய, எப்போதோ மறைந்துபோன முன்னோரையும் சேர்த்தே எண்ண வேண்டும்.

அலாஸ்காவின் வடபகுதியில் இம்முறை வேலிகளும் அடைப்புகளும் கொண்டதாக வளர்ந்தது. அங்கு ‘உமியாலிக்’ எனப்படும் செல்வாக்குள்ள தலைவர் ஆள்களைத் திரட்டினார். கனடாவின் நடுப்பகுதியில் அத்தகைய தலைமை வலுப்பெறவில்லை. அனுபவம் மிக்க முதியவரின் சொல்லுக்கு மதிப்பு இருந்தது, கட்டளைக்கு இடமில்லை.

தோலும் ஊசியும்

உணவுக்கு எவ்வளவு இன்றியமையாததோ, உடைக்கும் கரிபூ அவ்வளவு இன்றியமையாதது. உள்ளே மயிர் உடலைத் தொடுமாறு ஓர் அடுக்கும், வெளியே மயிர் புறத்தே இருக்குமாறு மற்றோர் அடுக்கும் கொண்ட கரிபூத் தோலுடைக்கு இணையான குளிர்கால உடை அந்நிலத்தில் வேறில்லை. இளவேனிலிலும் கோடைத் தொடக்கத்திலும் கொல்லப்படும் விலங்கின் தோல் உடைக்கு உதவாது; ஒருவகை ஈயின் புழுக்கள் தோலைத் துளைத்து வெளியேறியிருக்கும். கோடை இறுதியில் துளைகள் ஆறி, புதுமயிர் குட்டையாக வளர்ந்திருக்கும் தோலே உடைக்கு ஏற்றது. அதற்குப்பின் மயிர் தடித்துவிட்டால் அது படுக்கைக்கும் கடுங்குளிர் மேலாடைக்கும் ஆகும். ஆக வேட்டையின் நாளைத் தீர்மானித்ததில் தையற்காரியின் கண்ணுக்கும் பங்கு உண்டு.

தோலை உலர்த்தல், சுரண்டி மென்மையாக்கல், வெட்டுதல், முதுகுத் தசைநாரைப் பிரித்து நூலாக்கித் தைத்தல் ஆகிய அனைத்தும் பெண்கள் கையில் இருந்தன. செப்பு இனுயிட், நெட்சிலிக் முதலிய குழுவினரிடையே நிலவிலங்கையும் கடல்விலங்கையும் கலக்கலாகாது என்ற கடும் விலக்கு இருந்தது. கடற்பனிமீது குடியேறிச் சீல் வேட்டை தொடங்குமுன் புதிய கரிபூத் தோலுடைகளைத் தைத்து முடித்தாக வேண்டும். இதற்காகவே இலையுதிர் கால முடிவில் பல குடும்பங்கள் கரையோரத்தில் ஒன்றுகூடின. அந்நாள்களில் ஆடவர் பெரும்பாலும் காத்திருந்தனர்; பெண்களின் ஊசிகளே குழு எப்போது நகரலாம் என்பதைத் தீர்மானித்தன. வேட்டையைக் கொலையுடன் முடித்துவிடும் விவரிப்புகளில் இக்கூடல் இடம்பெறுவதே இல்லை.

பங்கீடு

சீல் இறைச்சியைப் பொறுத்தவரை நெட்சிலிக், செப்பு இனுயிட் மக்களிடம் மிகத் திட்டவட்டமான பங்கீட்டு முறை இருந்தது. விலங்கின் ஒவ்வோர் உறுப்புக்கும் ஒரு நிலையான பங்காளி உண்டு. கரிபூவுக்கு அத்தகைய நிலையான பங்காளிகள் இல்லாமையையும், பங்கீடு இளக்கமாக இருந்ததையும் டேவிட் டமாஸ் முதலான ஆய்வாளர் சுட்டியுள்ளனர். இதனைக் கூட்டுணர்வின் குறைவாகக் கொள்வது பிழை. குளிர்காலத்தில் பனித்துளை ஒன்றின் அருகே ஒருவருக்கு ஒரு சீல் கிடைக்கும். மற்றவர் வெறுங்கையுடன் திரும்புவர். அந்த ஏற்றத்தாழ்வை ஈடுசெய்ய விதி தேவைப்பட்டது. கடவிலோ ஒரே நாளில் அனைவருக்கும் போதிய விலங்குகள் கிடைத்தன. பகுப்பதைவிட அறுப்பதும் சேமிப்பதுமே பெரும் பணி. கூட்டுழைப்பு அங்கே பங்கிலிருந்து பணிக்கு இடம்பெயர்ந்தது என்று கருத இடமுண்டு.

கோடையில் வெப்பம் ஏறுமுன் இறைச்சியை மெல்லிய துண்டங்களாக்கி உலர்த்த வேண்டும். இலையுதிர் காலத்திலோ நரியும் ஓநாயும் எட்டாதவாறு கற்களால் மூட வேண்டும். குளிர்காலத்தில் ஒரு குடும்பத்தின் சேமிப்பு தீர்ந்தால் அது மற்றொரு முகாமை நாடியது. உணவு கேட்டு வந்தவரைத் திருப்பியனுப்புவது நினைத்துப் பார்க்கவியலாத செயல். உறவின் வழியே உணவு பாயும் இம்முறையை ‘நிங்கிக்துக்’ என்னும் சொல்லால் குறிப்பர். பாஃபின் தீவின் கிளைட் ஆற்றுப் பகுதியில் இது இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் உயிர்ப்புடன் இருந்ததை ஜார்ஜ் வென்செல் விளக்கியுள்ளார்.

மோஸின் கோடைக்காலம்

பிரெஞ்சு அறிஞர் மார்செல் மோஸ், ஆன்றி போஷாவின் துணையுடன் எழுதி 1906இல் வெளியான, எஸ்கிமோ சமூகங்களின் பருவகால மாறுபாடு பற்றிய கட்டுரை இத்துறையில் பெரும் செல்வாக்குப் பெற்றது. குளிர்காலத்தில் மக்கள் நெருங்கி வாழ்கின்றனர். சமயமும் கூட்டுவாழ்வும் செழிக்கின்றன. கோடையில் குடும்பங்கள் சிதறுகின்றன; வாழ்வு தனிக்குடும்ப இயல்புடையதாகிறது. இதுவே அவரது வாதத்தின் சாரம். மோஸ் ஆர்க்டிக் நிலத்தைக் கண்டவரல்லர். பிறர் குறிப்புகளைக் கொண்டே எழுதினார். அக்குறிப்புகளிற் பல கடலோரத்தைச் சார்ந்தவை.

கரிபூக் கடவுகள் இப்பகுப்பைத் தடுமாறச் செய்கின்றன. காசான் ஆற்றங்கரையில் மக்கள் கூடியது கோடை இறுதியிலும் இலையுதிர் காலத்திலும்தான். மேற்குக் கிரீன்லாந்தில் சான்று இன்னும் வெளிப்படையானது. அங்கு மேற்குக் கடற்கரையில் குளிர்காலத்தைக் கழித்த குடும்பங்கள் கோடையில் உள்நாட்டுக்குப் பயணம் செய்து, கல்லடுக்கு வரிசைகளைக் கொண்டு கரிபூவைக் கூட்டாக வேட்டையாடின. அவ்விடத்தின் பெயர் ‘ஆசிவிஸ்ஸுயித்’, அதாவது பெரிய கோடை முகாம். பியார்ன கிரென்னோவும் அவருடன் பணியாற்றியோரும் 1983இல் அத்தலத்தைப் பற்றிய ஆய்வை வெளியிட்டனர். 2018இல் அந்நிலப்பகுதி யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. மோஸின் மையக் கருத்து, அதாவது சமூக வடிவம் பருவத்தைச் சார்ந்தது என்பது, இதனால் வீழ்வதில்லை. எந்தப் பருவம் மக்களைக் கூட்டுகிறது என்பதை நாட்காட்டி அன்று, விலங்கும் வேட்டை முறையுமே தீர்மானிக்கின்றன என்ற திருத்தம் தேவைப்படுகிறது.

துப்பாக்கியும் நரித்தோலும்

ஹட்சன் விரிகுடாவுக்கு வந்த திமிங்கில வேட்டைக் கப்பல்களாலும் சர்ச்சில் வணிக நிலையத்தாலும் துப்பாக்கி பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே மேற்குக் கரையில் பரவியது. தொலைவிலிருந்து சுடக்கூடியவருக்குக் கடவும் கல்வரிசையும் ஊளையிடும் பிள்ளைகளும் தேவையில்லை. தனியொருவர் எந்தப் பருவத்திலும் எந்த இடத்திலும் வேட்டையாடலாம். நெட்சிலிக் மக்களிடையே கூட்டு வேட்டை மங்கியதையும் அதனுடன் கோடை முகாம்களின் வடிவம் மாறியதையும் அசென் பாலிக்சி விளக்குகிறார். 1960களில் பழைய கடவு வேட்டையை அவர் திரைப்படமாக்கியபோது, அது ஏற்கெனவே வழக்கொழிந்த முறையாக, முதியோரின் நினைவிலிருந்து மீட்டு நடிக்கப்பட வேண்டியதாக ஆகியிருந்தது. விக்டோரியா தீவுக்கும் பெருநிலத்துக்கும் இடையே கடற்பனியைக் கடந்துவந்த கரிபூக் கூட்டம் 1920களில் அவ்வலசையையே நிறுத்திவிட்டது. துப்பாக்கியின் பரவல் அதற்குரிய காரணங்களுள் ஒன்றாகக் கூறப்படுகிறது. அவ்வலசை 1980களில்தான் மீண்டது.

துப்பாக்கிக்குக் குண்டு வேண்டும். குண்டுக்கு வெண்ணரித் தோல் வேண்டும். நரிப்பொறி வைப்பது தனிக்குடும்பத்தின் வேலை. அதுவும் நரித்தோல் சிறக்கும் குளிர்காலத்தில் நிகழ்வது. ஆயினும் துப்பாக்கி கூட்டுழைப்பை அழித்துவிட்டது என்று முடிவு கட்டுவது அவசரமாகும். கொல்லும் தருணத்தில் கூட்டு தேவையற்றதாயிற்று. அறுத்தல், தைத்தல், பங்கிடல் ஆகியவற்றில் அது தொடர்ந்தது.

‘வீண்கொலை’ என்னும் குற்றச்சாட்டு

1948–49இல் பான்ஃபீல்ட் நடத்திய வான்வழிக் கணக்கெடுப்பு தூந்திரக் கரிபூக்களின் எண்ணிக்கையைச் சுமார் 6,70,000 என மதிப்பிட்டது. 1955ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பு 3,00,000க்கும் குறைவான எண்ணிக்கையைத் தந்தது. ‘கரிபூ நெருக்கடி’ என்ற அச்சம் எழுந்தது. பழங்குடி வேட்டைக்காரர் அளவின்றிக் கொன்று வீணாக்குகின்றனர் என்பது அதிகாரிகள் பலரின் விளக்கமாக இருந்தது. இக்கணக்கெடுப்புகளின் நம்பகத்தன்மையையும் இவ்விளக்கத்தின் பின்னிருந்த முன்முடிவுகளையும் ஜான் சாண்ட்லாஸ், பீட்டர் குல்சிஸ்கி, ஃபிராங்க் டெஸ்டர் ஆகியோர் 2007இல் வெளியான நூல்களில் ஆராய்ந்துள்ளனர்.

இங்கு இனுயிட் மக்களின் தெற்கே வாழும் அண்டை இனத்தவரான சயிசி டெனே மக்களுக்கு நேர்ந்ததையும் குறிப்பிட வேண்டும். அவர்கள் நம்பியிருந்ததும் இதே வலசைக் கரிபூக்களையே. 1955 இலையுதிர் காலத்தில் மனிட்டோபாவின் டக் ஏரியில் கடவு வேட்டை முடிந்து கரையில் கிடந்த உடல்களைக் கண்ட அதிகாரிகள் அவற்றைப் படமெடுத்து வீண்கொலைக்குச் சான்றாக்கினர். அவை குளிர்காலச் சேமிப்பு என்ற விளக்கம் எடுபடவில்லை. 1956இல் அம்மக்கள் சர்ச்சில் துறைமுகத்துக்கு இடம்பெயர்க்கப்பட்டனர். வறுமையும் வன்முறையும் குடியும் சூழ்ந்த அவ்வாழ்வில் அவர்களிற் பெரும்பங்கினர் மடிந்தனர். அரசின் மன்னிப்பு 2016இல் வந்தது.

அந்தப் படங்கள் பொய்யானவை அல்ல. உடல்கள் கிடந்தன என்பது உண்மை. கொலை நிகழ்ந்த நாளில் எடுக்கப்பட்ட எந்தப் படமும் அடுத்த ஏழு மாதங்களின் உணவைக் காட்டாது. கடவு வேட்டை அறுவடையை ஒத்தது. ஆண்டின் சில நாள்களில் ஆண்டின் பெரும்பகுதிக்குரியதைத் திரட்டுவது. தலைக்கு இத்தனை விலங்கு, நாளுக்கு இத்தனை விலங்கு என்று எண்ணும் கண்ணுக்கு அது கொள்ளையாகவே தோன்றும்.

காசான் ஆற்றின் மேற்பகுதியில் உள்ள என்னடாய் ஏரியில் வாழ்ந்த அகியார்மியுத் இனுயிட் மக்களின் நிலை இதனினும் கொடியது. அருகிலிருந்த படைத்துறை வானொலி நிலையத்தை அவர்கள் சார்ந்து வாழத் தொடங்கிவிட்டனர் என்று கூறி, 1950இல் அரசு அவர்களை நுவெல்டின் ஏரிக்கு விமானத்தில் கொண்டு சென்றது. அவர்கள் நடந்தே தம் நிலத்துக்குத் திரும்பினர். 1957இல் மீண்டும் ஹெனிக் ஏரிக்குப் பெயர்க்கப்பட்டனர். ஏரி வேறு, மந்தையின் பாதை வேறு, சேமித்த கற்குவைகள் இல்லை, துணைக்கு அணுகக்கூடிய முகாம்கள் இல்லை. அக்குளிர்காலத்தில் பலர் பசியாலும் குளிராலும் இறந்தனர். எஞ்சியோர் கடற்கரைக் குடியிருப்புகளுக்கு அனுப்பப்பட்டனர். 2019 ஜனவரி 22 அன்று ஆர்வியத் ஊரில் கனடா அரசு முறையாக மன்னிப்புக் கோரியது.

மனிதரை ஓரிடத்திலிருந்து பெயர்த்து, மீனும் மானும் உள்ள மற்றோர் இடத்தில் விட்டால் பிழைத்துக்கொள்வர் என்பதே அத்திட்டத்தின் அடிப்படை. வேட்டைத் திறமை தனிமனிதரின் கையில் இருக்கிறது என்ற எண்ணம் அதில் மறைந்துள்ளது. அத்திறமை எந்தக் கரையில் கூடாரம் அடிக்கக்கூடாது என்ற அறிவிலும், எந்தக் கல்வரிசை எங்கே தொடங்குகிறது என்ற நினைவிலும், சேமிப்பு தீர்ந்தால் எந்த முகாமுக்கு நடக்க வேண்டும் என்ற உறவிலும் இருந்தது. விமானத்தில் ஏற்றக்கூடியவை அல்ல அவை.

குறிக்கப்பட்ட கடவுகள்

கரிபூ மந்தைகளின் வீழ்ச்சி இன்று வேறு வகையில் மெய்யாகியுள்ளது. பாதர்ஸ்ட் மந்தை 1986இல் சுமார் 4,70,000 என மதிப்பிடப்பட்டது. 2018இல் அது சுமார் 8,200 ஆகச் சுருங்கியது. பாஃபின் தீவில் 2015 தொடக்கத்தில் கரிபூ வேட்டை முற்றாக நிறுத்தப்பட்டு, பின்னர் ஆண்டுக்கு 250 ஆண் விலங்குகள் என்ற வரம்புடன் அனுமதிக்கப்பட்டது. தட்பவெப்ப மாற்றம், சுரங்கப் பணி, சாலைகள், விலங்கின் இயல்பான ஏற்ற இறக்கம் ஆகியவற்றின் பங்கு குறித்து ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடு நீடிக்கிறது. காசான் கடவுகளைப் பயன்படுத்தும் மந்தைகளுக்கென 1982இல் அமைந்த பெவர்லி–கமனிர்ஜுவாக் கரிபூ மேலாண்மை வாரியத்தில் வேட்டைக்காரரும் அரசு அலுவலரும் ஒருங்கே அமர்கின்றனர்.

பேக்கர் ஏரி வழக்கு தொடுக்கப்பட்ட காலத்தில், 1978இல், கூட்டாட்சி அரசு கரிபூப் பாதுகாப்பு நெறிகளைச் சுரங்க ஆய்வு உரிமங்களில் நிபந்தனையாகச் சேர்த்தது. அந்நெறிகளுள் ஒன்று ‘குறிக்கப்பட்ட கடவுகள்’ பற்றியது. வலசைக் காலத்தில் அத்தகைய கடவிலிருந்து 10 கிலோமீட்டருக்குள் உரிமம் பெற்றவர் முகாம் அமைக்கலாகாது, எரிபொருளைச் சேமிக்கலாகாது, வெடி வைக்கலாகாது. மந்தை இறங்கும் கரையில் கூடாரம் அடிக்காதே என்று ஹர்வக்தூர்மியுத் பிள்ளைகளுக்குச் சொல்லப்பட்டதற்கும் இதற்கும் இடையிலுள்ள ஒற்றுமை வெளிப்படை. ஓர் வேறுபாடும் உண்டு. முதலாவதைக் காப்பதற்கு ஆய்வாளரோ அபராதமோ தேவைப்படவில்லை.